சவுண்டை அணைத்ததற்கா ஆஸ்கர்? நிக்கோலா பெக்கர் பற்றிப் பேசலாம்

ஒலிநாடா (இழையைத் தொடங்கியவர்)

போன ஞாயிற்றுக்கிழமை வீட்டில் 'சவுண்ட் ஆஃப் மெட்டல்' போட்டிருந்தேன். நாலாவது தடவை. நாயகன் ரூபன் மெட்டல் இசைக்குழுவில் டிரம்ஸ் வாசிப்பவன், படம் தொடங்கிய கொஞ்ச நேரத்திலேயே அவனுக்குக் காது போய்விடும். அந்த இடத்தில் டிவி சத்தம் கிணற்றுக்குள் விழுந்த மாதிரி ஆனதும், அம்மா அடுக்களையிலிருந்து வந்து ரிமோட்டைத் தொடையில் இரண்டு தட்டு தட்டினார். அப்புறம் சவுண்ட் பாரின் வயரை ஆட்டிப் பார்த்தார். "போன மாசந்தானே வாங்கினே?" என்று ஒரு பார்வை வேறு.

அம்மாவை எழுந்து வர வைத்த ஆள் நிக்கோலா பெக்கர். பிரான்ஸ்காரர். 2021 ஏப்ரலில் நடந்த 93ஆவது ஆஸ்கர் விழாவில் சிறந்த ஒலிக்கான விருது இந்தப் படத்துக்குக் கிடைத்தது. வாங்கியவர்கள் ஐந்து பேர்: பெக்கர், படப்பிடிப்புத் தளத்தில் ஒலிப்பதிவு செய்த பிலிப் பிளாட், அப்புறம் மெக்சிகோவைச் சேர்ந்த ஹைமே பக்ஷ்ட், மிச்சேல் கூட்டோலெங்க், கார்லோஸ் கோர்ட்டேஸ். ஒலித்தொகுப்புக்கு ஒன்று, ஒலிக்கலவைக்கு ஒன்று என்று தனித்தனியாகக் கொடுத்துவந்த விருதுகளை ஒன்றாக்கியதும் அந்த வருடம்தான். பிரிட்டனின் பாஃப்டா விருதும் இந்தப் படத்துக்கே. இயக்குநரின் தம்பி ஏபிரகாம் மார்டரோடு சேர்ந்து படத்துக்கு இசையும் பெக்கர்தான்.

இவரைப் பற்றித் தமிழில் யாரும் விரிவாக எழுதிப் பார்த்ததில்லை, அதனால்தான் இந்த இழை. என் கட்சியை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். எல்லோரும் இவரை 'சவுண்ட் டிசைனர்' என்று எழுதுகிறார்கள். ஆனால் இவர் ஃபோலியிலிருந்து வந்தவர். மைக்குக்கு முன்னால் நின்று கையாலும் காலாலும் துணியாலும் சத்தம் உண்டாக்கும் வேலை. அதைத் தெரிந்துகொண்டு பார்த்தால் இவர் செய்த ஒவ்வொன்றும் வேறு மாதிரி காதில் விழும்.

---

மதுரைவண்டு

நல்ல படம், மறுக்கவில்லை. ஆனால் ஒன்று கேட்கிறேன், கோபித்துக்கொள்ளாதீர்கள். காது கேட்காதவன் காட்சி என்றால் சவுண்டை மங்கவைக்க வேண்டும். ஈக்வலைசரில் மேல் அலைவரிசையை வெட்டிவிட்டால் அந்தக் கிணற்றுச் சத்தம் தானாக வந்துவிடுகிறது. நானே குறும்படத்துக்குச் செய்திருக்கிறேன். ஐந்து நிமிட வேலை. இதற்கா ஐந்து பேருக்கு ஆஸ்கர்?

---

கோடம்பாக்கம்_கால்தடம்

வண்டு தம்பி, நான் பதினோரு வருடமாக ஃபோலியில் இருக்கிறேன். பெரிய ஆளெல்லாம் கிடையாது. நீங்கள் டிவியில் பார்த்த சில படங்களில் கதாநாயகி மாடிப்படி இறங்கினால் அது என் கால். அந்தத் தகுதியில் பதில் சொல்கிறேன்.

வெட்டினால் மங்கும், சரி. ஆனால் காற்று வழியாக வந்து மைக்கில் பதிவான சத்தத்தைத்தானே வெட்டுகிறீர்கள். எவ்வளவு வெட்டினாலும் அது 'தூரத்தில் கேட்கும் சத்தம்' ஆகுமே தவிர, 'எனக்குள்ளே கேட்கும் சத்தம்' ஆகாது.

ஒரு சோதனை சொல்கிறேன். ஒரு கைமுறுக்கு எடுங்கள். சாதாரணமாக ஒரு கடி கடியுங்கள். பிறகு இரண்டு காதையும் விரலால் இறுக்கிப் பொத்திக்கொண்டு அடுத்த கடி. இரண்டாவது கடியில் முறுக்கு மண்டைக்குள் உடையும். தாடை எலும்பு வழியாக நேரே உள்காதுக்குப் போகிற சத்தம் அது. முதல் கடியை வெளியே மைக் வைத்துப் பதிவு செய்து, உலகத்தில் இருக்கிற எல்லா ஃபில்டரையும் போட்டாலும் இரண்டாவது கடி கிடைக்காது. அதைத் தனியாகத்தான் பிடிக்க வேண்டும்.

பெக்கர் செய்தது அதைத்தான். படப்பிடிப்புத் தளத்துக்கே போய், ஸ்டெதஸ்கோப் போல உடம்பில் ஒட்டும் மைக்குகளை வைத்து நடிகர் ரிஸ் அகமதின் உடம்பையே பதிவு செய்தார். இதயத் துடிப்பு, மூச்சு, எச்சில் விழுங்குவது எல்லாம். மைக்கை வாய்க்குள் வைத்துக்கூட எடுத்திருக்கிறார்கள். படத்தில் ரூபனுக்கு உலகம் அணைந்துபோகிற இடங்களில் நீங்கள் 'மங்கல்' என்று நினைப்பதற்கு அடியில் ஒரு மனிதனின் உள்பக்கம் ஓடிக்கொண்டிருக்கிறது. ஹெட்ஃபோன் போட்டு இன்னொரு முறை கேளுங்கள்.

---

மதுரைவண்டு

முறுக்கு இல்லை, மிக்சர்தான் இருந்தது. சோதித்தேன். சரி, பாதி ஒத்துக்கொள்கிறேன்.

---

ஒலிநாடா

//அதைத் தனியாகத்தான் பிடிக்க வேண்டும்//

நான் சொல்லவந்ததை முறுக்கை வைத்தே சொல்லிவிட்டீர்கள் அண்ணே.

இன்னொன்றும் சேர்க்கிறேன். வேலை தொடங்கும் முன்பே பெக்கர் இயக்குநர் டேரியஸ் மார்டரை எதிரொலியே இல்லாத அறை ஒன்றுக்குள் கூட்டிப்போய் உட்கார வைத்தார். சுவர், தரை, கூரை எல்லாம் சத்தத்தை விழுங்கிவிடும் அறை. அங்கே கொஞ்ச நேரம் இருந்தால் வெளிச்சத்தம் போய் நம் உடம்பே நமக்குக் கேட்க ஆரம்பிக்கும். 1951ஆம் ஆண்டு வாக்கில் இசையமைப்பாளர் ஜான் கேஜ் ஹார்வர்டில் இப்படி ஓர் அறைக்குள் போய், அமைதியைக் கேட்கப் போன இடத்தில் தன் உடம்பின் இரண்டு சத்தம் கேட்டதாகச் சொன்ன கதை பிரபலம். அதற்குப் பிறகு 'முழு அமைதி' என்று ஒன்று இருப்பதை அவர் நம்பவில்லை.

காது கேளாமையை வெற்றிடமாகக் காட்ட வேண்டாம் என்பதை இயக்குநருக்கு வாயால் விளக்காமல், அந்த அறையில் உட்கார வைத்துக் காட்டியிருக்கிறார். இது ஃபோலிக்காரன் புத்தி. பேசிப் புரியவைக்க மாட்டான், "இதைத் தொட்டுப் பார்" என்பான்.

---

குட்டிப்பாப்பு

படம் தமிழ் டப்பிங்கில் இருக்கிறதா? லிங்க் கிடைக்குமா?

---

நடுநிலைத்தூண் (நெறியாளர்)

லிங்க் கேட்கும் இழை இது இல்லை. அமேசான் பிரைமில் பாருங்கள்.

---

லாசப்பல்காரன்

வணக்கம். நான் பாரிசில் இருக்கிறன், சொந்த ஊர் யாழ்ப்பாணம். இந்த இழையைப் பார்த்தவுடன் எழுதாமல் இருக்க முடியவில்லை.

ஒலிநாடா சொன்ன 'ஃபோலி' வேலைக்கு இங்கே பெயர் 'ப்ரூயித்தாஜ்'. செய்கிற ஆள் 'ப்ரூயித்தேர்'. 'ப்ரூயி' என்றால் இரைச்சல். அப்படிப் பார்த்தால் நேர்த் தமிழில் 'இரைச்சல்காரன்'! கோடம்பாக்கம் அண்ணை கோவிக்கக் கூடாது.

பிரெஞ்சுப் படங்களின் பெயர்ப்பட்டியலில் ஒலி என்ற தலைப்பின் கீழே வழமையாக மூன்று வேலைக்காரர்களின் பெயர் வரும். படப்பிடிப்பில் பதிவு செய்தவர், ஒலித்தொகுப்பாளர், கடைசியாகக் கலவை செய்தவர். சிறந்த ஒலிக்கான சேசார் விருதும் (பிரான்சின் திரைப்பட விருது) இப்படிச் சேர்த்துத்தான் கொடுபடும். ஒலித்தொகுப்பாளருக்கு 'மோந்தர் சோன்' என்று சொல்லுவினம். 'சவுண்ட் டிசைனர்' என்ற அமெரிக்கச் சொல்லை இங்கே நெடுங்காலம் ஒருவரும் கணக்கெடுக்கவில்லை. அமெரிக்க ஒலித்தொகுப்பாளர் வால்டர் மர்ச்சுக்கு 'அபோகாலிப்ஸ் நவ்' படத்தில் அந்தப் பட்டம் கிடைத்தது 1979இல். அதற்கு முதலே இங்கே மிஷேல் ஃபானோ என்றவர், இசை படித்த ஆள், அலென் ரோப்-கிரியேயின் படங்களில் சத்தம், இசை, பேச்சு மூன்றையும் ஒரே இசைக்குறிப்புப் போல எழுதிக்கொண்டிருந்தார். அமெரிக்காவில் பேர் வைத்தார்கள், இங்கே வேலை முதலே நடந்தது. பிரான்ஸ்காரருக்கு விளம்பரம் செய்யத் தெரியாது என்று நீங்கள் நினைக்கக்கூடாது, வைனுக்கும் சீசுக்கும் நல்லாச் செய்வார்கள்.

அந்த மூன்று பேரின் கீழே, சின்ன எழுத்தில்தான் ப்ரூயித்தேர் பெயர் வரும். பெக்கர் அந்தச் சின்ன எழுத்திலிருந்து மேலே ஏறி வந்தவர்.

---

கோடம்பாக்கம்_கால்தடம்

இரைச்சல்காரன் பட்டத்தை ஏற்றுக்கொண்டேன் தம்பி. பேர் வந்தால் போதும். ஒரு படத்துக்குப் பதினெட்டு நாள் வேலை செய்தேன், கிளைமாக்சில் வயலில் சேற்றுக்குள் நடக்கிற காட்சி மட்டும் மூன்று நாள். அண்டாவில் களிமண் குழைத்து, அதில் பழைய வேட்டியை நனைத்துப் போட்டு, மேலே வெறுங்காலோடு நடந்தேன். காலில் சேற்றுப்புண் வந்துவிட்டது. தியேட்டரில் முதல் நாள் குடும்பத்தோடு போய்க் கடைசி வரை உட்கார்ந்திருந்தோம். டிரைவர் பெயர், புரொடக்ஷன் பாய் பெயரெல்லாம் ஓடியது. என் பெயர் ஓடவில்லை. பையன் மட்டும், "அந்தச் சேறு நீதானேப்பா?" என்று கேட்டான். அந்த கம்பெனி பெயர் இங்கே வேண்டாம்.

சரி, விஷயத்துக்கு வருவோம். 'கிராவிட்டி' படத்திலும் பெக்கர் ஃபோலி செய்தார் என்பது தெரியுமா? 2013, அல்ஃபோன்சோ குவாரோன் படம். ஒலித்தொகுப்புக்கு ஆஸ்கர் வாங்கியது கிளென் ஃப்ரீமேன்டில். அந்தப் படத்தில் ஒரு விதி வைத்துக்கொண்டார்கள். விண்வெளியில் காற்று இல்லை, ஆகவே வெடித்தாலும் சத்தம் இல்லை. ஆனால் வீராங்கனை கையில் ஸ்பேனரைப் பிடித்தால் அதிர்வு கையுறை வழியாக, உடை வழியாக அவள் உடம்புக்குள் வரும். அவள் தொட்டது மட்டுமே நமக்குக் கேட்கும்.

இதை ஃபோலிக்காரன் காதால் யோசியுங்கள். சாதாரணப் படத்தில் ஸ்பேனர் இரும்பில் படுகிற 'டங்'கைக் கொடுப்போம். இங்கே அந்த 'டங்' வேண்டாம், 'டங்' உடம்புக்குள் எப்படி வந்து சேர்கிறதோ அது வேண்டும். அதற்கு காற்றில் நிற்கும் மைக் உதவாது, பொருளின் மேலேயே ஒட்டும் தொடுமைக் வேண்டும். அங்கே விண்வெளி உடைக்குள் இருந்து கேட்பது, இங்கே ரூபனின் மண்டைக்குள் இருந்து கேட்பது. எனக்கு இரண்டும் ஒரே வேலையின் இரண்டு பாகமாகத்தான் தெரிகிறது.

---

ஒலிநாடா

சேற்றுக் கதை படித்ததும் கொஞ்ச நேரம் எதுவும் எழுதத் தோன்றவில்லை அண்ணே.

'கிராவிட்டி'க்கு முந்தைய ஒரு படத்தை யாரும் பேசுவதில்லை. ஆண்ட்ரியா ஆர்னால்ட் 2011இல் எடுத்த 'வதரிங் ஹைட்ஸ்'. எமிலி பிராண்ட்டேயின் நாவல்தான், வட இங்கிலாந்தின் புல்வெளி மேடுகளில் எடுத்தது. கடைசியில் ஒரு பாட்டு வரும், அதற்கு முன் பின்னணி இசை என்று சொல்ல எதுவும் கிடையாது. வசனமும் கொஞ்சம்தான். இரண்டு மணி நேரம் காற்று, மழை, ஈரப் புல், கதவு, நாய், பறவை. ஒலியில் பெக்கரும் ரஷாத் ஒமரும். அப்புறம் அதே இயக்குநரின் 'அமெரிக்கன் ஹனி'யிலும் இருவரும் வேலை செய்தார்கள்.

அதில் ஒரு இடம். இரண்டு பிள்ளைகள் ஒரே குதிரையில் போகிறார்கள். பின்னால் இருப்பவன் முகம் முன்னால் இருப்பவளின் முடிக்குப் பக்கத்தில். அங்கே காற்றும் குதிரையின் மூச்சும் அவ்வளவு நெருக்கத்தில் இருக்கும். காதல் என்று ஒரு வார்த்தை கிடையாது, வயலின் கிடையாது. நம் ஊரில் என்றால் அந்த இடத்தில் நிச்சயம் புல்லாங்குழல் வந்திருக்கும்.

---

திரைக்கொட்டகை_தாத்தா

வயதானவன் குறுக்கே வருகிறேன். நீங்கள் எல்லாம் 2011, 2013 என்கிறீர்கள். பிரான்சில் இந்தப் பைத்தியம் பழையது.

1953இல் ழாக் தத்தி ஒரு படம் எடுத்தார். யூலோ என்கிற ஓர் ஒல்லி ஆள் கடற்கரை விடுதிக்கு விடுமுறைக்குப் போகிறான். அவ்வளவுதான் கதை. அந்த விடுதியின் சாப்பாட்டு அறைக்கு ஓர் ஆடும் கதவு. ஒவ்வொரு தடவை ஆடும்போதும் தம்புராவின் ஒரு தந்தியைத் தளர்த்திவிட்டு மீட்டின மாதிரி 'டொய்ங்' என்று ஒரு சத்தம். அந்தக் கதவு யாரையும் இடிக்கவில்லை, விழவில்லை. சத்தத்துக்கே நாங்கள் ஃபிலிம் சொசைட்டி திரையிடலில் சிரித்தோம். தத்தி சத்தங்களைப் பெரும்பாலும் படப்பிடிப்புக்குப் பிறகுதான் சேர்ப்பார்.

இயக்குநர் பிரெஸ்ஸோன் இன்னொரு பக்கம். 1956இல் ஒரு சிறைக் கைதி தப்பிக்கிற படம், லியோனின் மோன்லுக் சிறை. காவலாளி மாடிப்படியில் வரும்போது சாவியை இரும்புக் கைப்பிடியில் உரசிக்கொண்டே வருவான். ஆளைக் காட்ட மாட்டார்கள், சாவியைத்தான் கேட்க வைப்பார்கள். அந்த உரசல் கேட்டதும் கைதியோடு சேர்ந்து நமக்கும் மூச்சு நின்றுவிடும்.

நான் சொல்ல வருவது, உங்கள் பெக்கர் வானத்திலிருந்து குதிக்கவில்லை.

---

லாசப்பல்காரன்

தாத்தா சொன்னது முழுக்கச் சரி. அதோடு 1948இல் பியேர் ஷெஃபேர் பாரிஸ் வானொலியில் ரயில் சத்தங்களை வெட்டி ஒட்டி இசையாக்கினதையும் சேர்க்க வேணும். இங்கே சத்தமும் இசையும் ஒரே குடும்பம்.

பெக்கர் அந்தக் குடும்பத்தில் வந்தவர்தான். சினிமாவுக்கு வெளியேயும் வேலை செய்கிறார். பிலிப் பாரெனோ என்ற பிரெஞ்சுக் கலைஞர் 2016இல் லண்டன் டேட் மாடர்ன் கலைக்கூடத்தின் டர்பைன் மண்டபத்தை நிறைத்து ஒரு படைப்பு வைத்தார், அதில் சத்தம் பெக்கரின் பொறுப்பு.

'சவுண்ட் ஆஃப் மெட்டல்' இசையில் 'கிரிஸ்தால் பாஷே' வாசிப்பதைக் கவனித்தீர்களா? 1950களின் தொடக்கத்தில் பாஷே சகோதரர்கள் இங்கே செய்த கருவி. வரிசையாகக் கண்ணாடிக் கம்பிகள், பின்னால் பெரிய உலோகத் தகடுகள். விரலைத் தண்ணீரில் நனைத்து கண்ணாடியைத் தடவ வேணும், உலோகம் பாடும். கண்ணாடிக் குவளை விளிம்பை ஈரவிரலால் சுற்றுகிற விளையாட்டுத்தான், ஆனால் ஒரு அறை அளவுக்கு. மெட்டல் வாசிப்பவன் கதைக்கு, தடவினால் அழுகிற உலோகத்தைத் தெரிவு செய்ததை நான் இரண்டாம் முறை பார்க்கேக்கைதான் கவனித்தேன்.

---

கௌசல்யா_அத்தை

எல்லோரும் புகழ்ந்துவிட்டீர்கள். நான் கொஞ்சம் உரசுகிறேன்.

என் நாத்தனார் மகளுக்குப் பிறவியிலேயே காது கேட்காது. நாலு வயதில், முதலமைச்சர் காப்பீட்டுத் திட்டத்தில் காக்ளியர் இம்பிளாண்ட் (உள்காதுக்குள் மின்முனைகளைப் பொருத்தும் கருவி) வைத்தார்கள். இப்போது ப்ளஸ் டூ படிக்கிறாள். ஆபரேஷன் முடிந்ததும் காது கேட்டுவிடாது என்பது எங்கள் வீட்டில் எல்லோருக்கும் தெரியும். சில வாரம் கழித்துத்தான் ஸ்விட்ச் ஆன். அதற்கப்புறம் மேப்பிங், மாதாமாதம், ஒவ்வொரு மின்முனைக்கும் அளவு வைத்து. அதற்கப்புறம் பேச்சுப் பயிற்சி, வருடக்கணக்கில். நாத்தனார் வெண்டைக்காய் நறுக்கும்போதுகூட, "இது வெண்-டைக்-காய்" என்று வாயைப் பொத்திக்கொண்டு சொல்லிக்கொண்டே இருப்பார். உதட்டைப் பார்க்காமல் காதால் மட்டும் பிடிக்கணும் என்பதற்காக.

படத்தில் ரூபன் தன் வண்டியை விற்று இம்பிளாண்ட் வைக்கிறான். ஸ்விட்ச் ஆன் செய்ததும் கேட்கிற சத்தம் தகரத்தைத் தரையில் இழுப்பது போல இருக்கிறது. பாரிசில் காதலி தன் அப்பாவோடு சேர்ந்து பாடும்போது அந்தப் பாட்டே சிதைந்து கேட்கிறது. கடைசியில் மாதாகோயில் மணி பேரிரைச்சலாக அடிக்க, கருவியைக் கழற்றிவிடுகிறான். பார்ப்பவர்களுக்கு என்ன தோன்றும்? "இம்பிளாண்ட் என்றால் இப்படித்தான்" என்றுதான் தோன்றும். இதைப் பார்த்துவிட்டு ஒரு அம்மா தன் குழந்தைக்கு வேண்டாம் என்று முடிவெடுத்தால்? படம் அழகாக இருக்கிறது என்பதற்காக இதைக் கேட்காமல் விடமுடியாது.

---

ஒலிநாடா

நியாயமான கேள்வி அத்தை. மழுப்ப விரும்பவில்லை.

படத்தின் பக்கம் நின்று இரண்டு விஷயம் சொல்லலாம். ஒன்று, ரூபன் பிறவியில் கேட்காதவன் கிடையாது. முப்பது வருடம் நன்றாகக் கேட்டுப் பழகிய, அதுவும் இசையில் வாழ்ந்த ஆள். கருவியில் அதிகம் போனால் இருபத்துச் சொச்சம் மின்முனைதான், காதுக்குள்ளே இயற்கையாக இருப்பதோ ஒலியை உணரும் ஆயிரக்கணக்கான நுண்மயிர்ச் செல்கள். பழைய ஞாபகத்தோடு ஒப்பிட்டுக்கொண்டே கேட்பவனுக்கு முதல் நாட்கள் பயங்கரமாகத்தான் இருக்கும், இசை இன்னும் மோசம். இரண்டு, படம் காட்டுவது அந்த முதல் சில நாட்களை மட்டுமே.

ஆனால் மூளை பழகப் பழக அது மாறும் என்பதைப் படம் அழுத்திச் சொல்லவில்லை. அந்த இடத்தில் நீங்கள் சொல்வதுதான் சரி. அந்தத் தகரச் சத்தம் மூன்று மாதம் கழித்து எப்படி ஆகியிருக்கும் என்பதையும் பெக்கர் செய்திருந்தால் எப்படி இருந்திருக்கும் என்று எனக்கே ஆசை.

---

மதுரைவண்டு

அத்தை கேட்டது எனக்கு உறைத்தது. ஆனால் படக்குழு காது கேளாதவர்களை மறந்து எடுத்த படம் என்று சொல்ல முடியாது. படம் முழுக்க வசன எழுத்து (சப்டைட்டில்) திரையிலேயே பதிந்து வருகிறது, அணைக்க முடியாது. இயக்குநரின் பாட்டி காது கேட்காதவர், படங்களில் இப்படி எழுத்து வேண்டும் என்று போராடியவர். படத்தை அவருக்குத்தான் சமர்ப்பித்திருக்கிறார். அதோடு ரூபன் காது கேளாதவர்கள் சேர்ந்து வாழும் முகாமுக்குப் போன புதிதில் எல்லோரும் சைகையில் பேசுவார்கள், அப்போது மட்டும் எழுத்து வராது. அவனுக்குப் புரியாதது நமக்கும் புரியாது. அவன் சைகை கற்றுக்கொண்ட பிறகு எழுத்து வரும். இது தெரியாமல் முதல் தடவை என் டிவியில்தான் கோளாறு என்று நினைத்தேன். ஒலிநாடா, உங்கள் அம்மாவைப் பார்த்து நான் சிரிக்கவே கூடாது.

ரிஸ் அகமதுக்கும் காதுக்குள் ஒரு கருவி வைத்து அதில் வெள்ளை இரைச்சலை (விடாமல் வரும் 'ஷ்ஷ்' சத்தம்) ஓடவிட்டிருக்கிறார்கள், தன் குரலே தனக்குக் கேட்காதபடி. அவர் முகத்தில் தெரியும் அந்தத் தவிப்பில் நடிப்பு எவ்வளவு, நிஜம் எவ்வளவு என்று பிரிக்க முடியவில்லை.

---

கோடம்பாக்கம்_கால்தடம்

தம்பி, ஐந்து நிமிட வேலை என்றவர் எங்கே போய்விட்டார்?

ஒலித்தொகுப்பு பக்கம் ஒன்று சொல்லி முடிக்கிறேன். காலையில் ரூபன் எழுந்து காபி போடுகிறான், மிக்சியில் பழச்சாறு அடிக்கிறான். முதல் தடவை காபி சொட்டுவது, மிக்சி, பாத்திரம் எல்லாம் துல்லியமாக, கொஞ்சம் தூக்கலாகவே கொடுத்திருப்பார்கள். அப்போது அது எதற்கு என்று தெரியாது. காது போன பிறகு அதே காலை, அதே மிக்சி, மறுபடி வரும். சுழல்வது தெரியும், சத்தம் இருக்காது. முதல் காலையில் நம் காதுக்குள் வைத்துவிட்டுப் போன சத்தத்தை இரண்டாவது காலையில் நாமே தேடுவோம். இந்த மாதிரி வைப்பதற்கும் எடுப்பதற்கும் இடையே எத்தனை நிமிடம் விடலாம் என்ற கணக்குதான் தொகுப்பாளனின் வேலை. அதற்கு ஈக்வலைசரில் பட்டன் கிடையாது.

இன்னொன்று, ஒரே காட்சிக்குள் அவன் காதுக்குள்ளும் வெளியேயும் மாறி மாறிப் போவார்கள். எந்த வெட்டில் மாறுவது, வெட்டுக்கு முன்பா பின்பா, எவ்வளவு சரிவாக என்பதையெல்லாம் மெக்சிகோவில் உட்கார்ந்து வாரக்கணக்கில் கலந்திருக்கிறார்கள். நமக்கு ஃபைனல் மிக்சுக்கு ரிலீசுக்கு முந்தைய ராத்திரி வரை டைம் கொடுப்பார்கள்.

---

திரைக்கொட்டகை_தாத்தா

கௌசல்யா, அந்தப் பெண் படம் பார்த்தாளா? நாம் இத்தனை பேர் பேசுகிறோம். அவளிடம் கேட்டுச் சொல்லம்மா.

---

கௌசல்யா_அத்தை

மன்னிக்கணும், பரீட்சை நேரம், அதனால்தான் தாமதம். நேற்று ராத்திரி இரண்டு பேரும் சேர்ந்து பார்த்தோம்.

முதலில் அவளுக்கு ரூபன் மேலேயே கோபம். மேப்பிங்குக்கு ஒழுங்காகப் போகாமல் பாரிசுக்கு எதற்குப் போனான் என்று.

பூங்காவில் ஒரு காட்சி வருமே, இரும்புச் சறுக்கு மரத்தில் ரூபன் தாளம் தட்ட, அந்தச் சின்னப் பையன் சறுக்கில் சாய்ந்து அதிர்வை உடம்பில் வாங்கிக்கொள்வான். அங்கே நிறுத்தச் சொன்னாள். ஆபரேஷனுக்கு முன்னால், மூன்று வயதில், அவள் அம்மா கிரைண்டர் போட்டால் ஓடிவந்து அதை ஒட்டித் தரையில் உட்கார்ந்துகொள்வாளாம். மாவு அரைத்து முடிக்கும் வரை எழுந்திருக்க மாட்டாளாம். அது எனக்கும் ஞாபகம் இருக்கிறது. சேட்டை செய்யாமல் இருக்கிறாளே என்று நாங்கள் சும்மா கிரைண்டரை ஓடவிட்டிருக்கிறோம்.

மாதாகோயில் மணிக்கு முகத்தைச் சுளித்தாள். "எனக்கு மணி இப்படிக் கேட்காது அத்தை, எனக்கு மணி மணி மாதிரிதான் கேட்கும்" என்றாள். பிறவியிலிருந்தே அவளுக்கு மணி என்றால் இம்பிளாண்ட் கொடுக்கிற மணிதான், வேறு மணி அவளுக்கு எப்படித் தெரியும் என்று நான் நினைத்துக்கொண்டேன், சொல்லவில்லை.

அப்புறம் ரூபன் பெஞ்சில் உட்கார்ந்து கருவியைக் கழற்றுகிற இடம். அவளும் தன்னுடையதைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டாள். படம் முடிந்து பெயர்கள் ஓடும்வரை அப்படியே இருந்தாள். திரும்ப மாட்டிக்கொண்டதும் கேட்டேன், என்ன நினைக்கிறே என்று. "மணிதான் தப்பு. அதுக்கு அப்புறம் சரி" என்றாள்.